வீட்டுக் கடனுக்கு உண்மையில் எவ்வளவு கட்டுகிறோம்? எக்ஸெல்லில் போட்டுப் பார்ப்போம்

வீட்டுக்குப் புதிதாகக் கம்ப்யூட்டர் வந்ததும் பாட்டு கேட்கிறோம், படம் பார்க்கிறோம், பிள்ளைகளுக்கு கேம் போட்டுக் கொடுக்கிறோம். எக்ஸெல் ஐகானைப் பார்த்தால் மட்டும் "அது ஆபீஸ்காரர்கள் சமாச்சாரம்" என்று தாண்டிப் போய்விடுகிறோம். இந்த மாதம் அதைத் திறந்து, நம்மில் பலர் வாழ்க்கையில் வாங்கப் போகும் மிகப் பெரிய கடனைக் கணக்குப் போட்டுப் பார்க்கலாம்.

என் ஆபீசில் என் வயதுக்காரர்களில் பாதிப் பேர் இப்போது வீடு தேடிக்கொண்டிருக்கிறார்கள். நானும்தான். மதிய சாப்பாட்டு நேரத்தில் பேசினால் எல்லோரும் கேட்பது ஒரே கேள்வி: "இ.எம்.ஐ. எவ்வளவு வருது?" முடிவில் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம் என்று யாரும் கேட்டு நான் பார்த்ததில்லை. நாள் முழுக்க புரோகிராம் எழுதுகிறவர்களே இப்படி என்றால் மற்றவர்களைக் குறை சொல்ல என்ன இருக்கிறது?

எக்ஸெல் இல்லாதவர்கள் லிப்ரே ஆபீஸ் என்ற இலவசத் தொகுப்பை இன்ஸ்டால் செய்து, அதிலுள்ள கால்க் புரோகிராமைப் பயன்படுத்தலாம். நாம் செய்யப் போவது எல்லாம் அதிலும் வரும்.

ஆரம்பிக்கும் முன் ஒரு விஷயம். ஒவ்வொரு செல்லுக்கும் ஒரு விலாசம் உண்டு. மேலே ஏ, பி, சி என்று ஆங்கில எழுத்துகளும், இடது பக்கம் 1, 2, 3 என்று எண்களும் தெரியும். பி1 என்று நான் எழுதினால் இரண்டாவது நெட்டு வரிசையின் முதல் செல் என்று பொருள். டைப் செய்யும்போது ஆங்கில எழுத்தையே தட்டுங்கள்.

தவணையைக் கண்டுபிடிப்போம்

ஏ1 செல்லில் "கடன் தொகை" என்றும், பக்கத்தில் பி1 செல்லில் 2500000 என்றும் டைப் செய்யுங்கள். கமா வேண்டாம். ஏ2-ல் "வருட வட்டி", பி2-ல் 8.5%. சதவீதக் குறியை மறக்க வேண்டாம். ஏ3-ல் "மாதங்கள்", பி3-ல் 240, அதாவது 20 வருடம். ஏ4-ல் "இ.எம்.ஐ." என்று எழுதிவிட்டு பி4-ல் கிளிக் செய்யுங்கள்.

இப்பொழுது ஃபார்முலா பாருக்கு இடது பக்கம் எஃப்எக்ஸ் என்று ஒரு சின்ன பட்டன் தெரியும். அதைக் கிளிக் செய்தால் ஒரு பாக்ஸ் திறக்கும். ஃபைனான்ஷியல் பிரிவுக்குப் போய் பிஎம்டி என்பதைத் தேர்ந்தெடுங்கள். பேமென்ட் என்ற சொல்லின் சுருக்கம் அது. ரேட் கட்டத்தில் பி2/12, என்பெர் கட்டத்தில் பி3, பிவி கட்டத்தில் -பி1 என்று கொடுத்து ஓகே தட்டுங்கள். மைனஸ் குறி எதற்கு என்றால், நம் கையை விட்டுப் போகும் பணத்தை எக்ஸெல் கழித்தல் எண்ணாகக் காட்டும். அதைத் திருப்பிப் போடத்தான்.

பி4-ல் சுமார் 21,696 வந்திருக்கும். 25 லட்சம் ரூபாய் கடனுக்கு 20 வருடத் தவணை இது. பி5 செல்லில் =பி4*பி3 என்று டைப் செய்து என்டர் தட்டுங்கள். 52,06,939 ரூபாய்! கடன் 25 லட்சம், வட்டி மட்டும் 27 லட்சத்துக்கு மேல்.

இங்கேயே கொஞ்சம் விளையாடிப் பாருங்கள். பி3-ல் 240-ஐ அழித்து 180 போடுங்கள். தவணை 24,618 ஆகும். மாதம் 2,923 ரூபாய்தான் கூடுதல். ஆனால் மொத்த வட்டி 19,31,000 ரூபாய்ப் பக்கம் இறங்கிவிடும். ஏறக்குறைய 7,75,000 ரூபாய் மிச்சம். அடுத்து 360 போடுங்கள். தவணை 19,223 ரூபாய்க்குக் குறையும். வட்டி 44 லட்சத்தைத் தாண்டும். மாதம் இரண்டாயிரத்து ஐந்நூறு ரூபாய் குறைப்பதற்காகப் பத்து வருடம் கூடுதலாகக் கட்டி, 17 லட்சம் ரூபாய் அதிக வட்டி கொடுக்கிறோம். "முப்பது வருஷம் போட்டுக்கலாம் சார், ஈஸியா இருக்கும்" என்று யாராவது சொன்னால் இந்த எண்ணை நினைத்துக்கொள்ளுங்கள். பார்த்து முடித்ததும் பி3-ல் மறுபடி 240 போட்டுவிடுங்கள்.

மாதா மாதம் எங்கே போகிறது?

மொத்தத் தொகையைப் பார்த்தாயிற்று. பணம் எந்த வரிசையில் கரைகிறது என்பதுதான் இன்னும் முக்கியம். அதற்கு ஒரு அட்டவணை போடுவோம்.

எட்டாவது வரியில் ஏ முதல் எஃப் வரை தலைப்புகள்: மாதம், ஆரம்பப் பாக்கி, வட்டி, அசல், கூடுதலாகக் கட்டியது, மீதி. ஒன்பதாவது வரியில் ஏ9-ல் 1, பி9-ல் =பி1, சி9-ல் =பி9*$பி$2/12, டி9-ல் =$பி$4-சி9 என்று டைப் செய்யுங்கள். இ9-ஐக் காலியாக விடுங்கள். எஃப்9-ல் =பி9-டி9-இ9.

பத்தாவது வரியில் ஏ10-ல் =ஏ9+1, பி10-ல் =எஃப்9. பிறகு சி9, டி9 செல்களைக் காப்பி செய்து சி10, டி10-ல் பேஸ்ட் செய்யுங்கள். அதேபோல் எஃப்9-ஐ எஃப்10-ல். இப்போது ஏ10 முதல் எஃப்10 வரை மவுசால் தேர்வு செய்து, வலது கீழ் மூலையில் உள்ள சின்னச் சதுரத்தைப் பிடித்து 248-ஆவது வரி வரை இழுங்கள்.

டாலர் குறி எதற்கு என்று கேட்பீர்கள். ஃபார்முலாவைக் கீழே இழுக்கும்போது எக்ஸெல் செல் விலாசங்களையும் கீழே நகர்த்திவிடும். "இந்த விலாசத்தை மட்டும் நகர்த்தாதே" என்று சொல்வதுதான் டாலர் குறி. ஷிப்ட் கீயை அழுத்திக்கொண்டு 4-ஐத் தட்டினால் வரும். சி9-ல் அதைப் போடாமல் விட்டால் இரண்டாம் மாத வட்டி ஐந்து கோடியைத் தொட்டுக்கொண்டு நிற்கும். பயந்துவிடாதீர்கள், திரும்பிப் போய் டாலரைச் சேர்த்துவிட்டு மறுபடி இழுங்கள்.

எஃப்248-ல் பூஜ்யம் வந்தால் அட்டவணை சரி. புள்ளிக்குப் பிறகு ஏதோ எண்கள் இருந்தால் கவலை வேண்டாம்.

முதல் மாதத்தைப் பாருங்கள். கட்டுவது 21,696. வட்டிக்குப் போவது 17,708. அசலில் கழிவது 3,987 ரூபாய். முதல் வருடம் முழுவதும் சுமார் 2,60,000 ரூபாய் கட்டினால் கடன் 49,756 ரூபாய் மட்டுமே குறைந்திருக்கும். பத்து வருடம் ஒழுங்காகக் கட்டிய பிறகும் 17,50,000 ரூபாய் பாக்கி நிற்கும். தவணையில் அசலின் பங்கு வட்டியைத் தாண்டுவது 143-ஆவது மாதத்தில்தான். பன்னிரண்டாவது வருடம் முடிய ஒரு மாதம் இருக்கும்போது!

வங்கி ஏமாற்றுகிறது என்று இதற்கு அர்த்தம் இல்லை. பாக்கி அதிகமாக இருக்கும் வருடங்களில் வட்டியும் அதிகம், அவ்வளவுதான். இன்ஜினியரிங் முதல் வருடத்தில் பெருக்குத் தொடர் நடத்தியபோது இதை உதாரணமாகச் சொல்லியிருந்தால் வகுப்பில் ஒருவரும் தூங்கியிருக்க மாட்டார்கள்.

ஒரு லட்சம் எப்போது கட்டினால் என்ன?

காலியாக விட்ட இ வரிசைக்கு இப்போது வேலை. போனஸ் வந்தது, சீட்டு எடுத்தோம், கையில் ஒரு லட்சம் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். இரண்டாவது வருட முடிவில், அதாவது 24-ஆவது மாதத்துக்கான இ32 செல்லில் 100000 என்று போடுங்கள். தவணையை மாற்ற வேண்டாம். கீழே இறங்கிப் பார்த்தால் 221-ஆவது மாதத்திலேயே மீதி மைனஸுக்குப் போய்விடும். கடன் அங்கே முடிந்துவிட்டது. கடைசித் தவணையாகச் சுமார் 4,400 ரூபாய் கட்டினால் போதும். மிச்சமாகும் வட்டி ஏறக்குறைய 3,29,000 ரூபாய்.

அதே ஒரு லட்சத்தை அழித்துவிட்டு 144-ஆவது மாதமான இ152-ல் போடுங்கள். மிச்சம் 91,500 ரூபாய் அளவுக்குத்தான் வரும். பணம் அதே பணம்.

இதில் ஒரு நியாயமான எதிர்க்கேள்வி உண்டு. அந்த ஒரு லட்சத்தை வேறு எங்காவது போட்டால் வளராதா? வளரும். கடனை முன்கூட்டிக் கட்டுவது 8.5 சதவீத வட்டியில் பணம் போட்டதற்குச் சமம். அந்த லாபத்துக்கு வரியும் இல்லை. அதைவிட அதிகம் நிச்சயமாகத் தரும் இடம் இருந்தால் அங்கே போடலாம். எனக்குத் தெரிந்த பாதுகாப்பான இடங்களில் அப்படி எதுவும் அகப்படவில்லை. ஆஸ்பத்திரிச் செலவுக்கு வைத்த பணத்தை மட்டும் தொடாதீர்கள். வங்கியில் கட்டிய பணத்தைத் திரும்பக் கேட்க முடியாது.

தனி நபர்கள் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கிகள் அபராதம் வசூலிக்கக் கூடாது என்று 2012-ல் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. பணம் கட்டும்போது "தவணைக் காலத்தைக் குறையுங்கள், இ.எம்.ஐ. அப்படியே இருக்கட்டும்" என்று எழுதிக் கொடுங்கள்.

தவணை மாறாது, வருடம் மாறும்

2019 அக்டோபர் முதல் வங்கிகள் கொடுக்கும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்கப்பட வேண்டும். பெரும்பாலும் அது ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி. 2022 மே மாதத்துக்கு முன் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதமானது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீத ஏற்றம்.

என் சித்தப்பா 2021-ல் வீடு கட்டக் கடன் வாங்கியவர். மாதா மாதம் அதே தவணைதான் பிடித்தார்கள். அதனால் எதுவும் மாறவில்லை என்று நினைத்திருந்தார். 2023-ல் ஸ்டேட்மென்டை என்னிடம் காட்டியபோது கடன் முடியும் தேதி அவர் ரிட்டையர் ஆகிப் பல வருடம் தள்ளிப் போயிருந்தது. "பென்ஷனும் இல்லாத வேலைப்பா, அப்புறம் எதுல கட்டுவேன்?" என்று கேட்டார். அன்று அவர் கம்ப்யூட்டரிலேயே உட்கார்ந்து போட்டதுதான் இந்தக் கணக்கு. எண்களை மட்டும் நம் உதாரணத்துக்கு ஏற்ப மாற்றியிருக்கிறேன்.

7 சதவீதத்தில் 25 லட்சம், 240 மாதம் என்றால் தவணை 19,382. ஒரு வருடம் கட்டிய பின் பாக்கி 24,40,526. அந்த நேரத்தில் வட்டி ஒரேயடியாக 9.5 ஆகிறது என்று வைத்துக்கொள்வோம். காலியான ஒரு செல்லில் எஃப்எக்ஸ் பட்டன் மூலம் என்பெர் ஃபங்ஷனை எடுங்கள். ரேட்டில் 9.5%/12, பிஎம்டியில் -19382, பிவியில் 2440526. விடை என்ன? 730 மாதம். கிட்டத்தட்ட 61 வருடம்! அந்தத் தவணையில் முதல் மாதம் அசலுக்குப் போவது சுமார் 61 ரூபாய். எந்த வங்கியும் 61 வருடம் விடாது. வயது வரம்பு வரை தவணைக் காலத்தை நீட்டி, அதற்கு மேல் முடியாதபோதுதான் இ.எம்.ஐ.யை ஏற்றும். பழைய காலத்துக்குள்ளேயே முடிக்க வேண்டுமென்றால் தவணை 23,157 ஆக வேண்டும்.

சித்தப்பா வங்கிக்குப் போய்த் தவணையைக் கூட்டச் சொல்லி எழுதிக் கொடுத்தார். இப்படி நிறையப் பேருக்கு நடந்ததால் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். இதுவரை பிடித்த அசல், வட்டி, பாக்கித் தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காட்டும் ஸ்டேட்மென்டும் மூன்று மாதத்துக்கு ஒரு முறை தர வேண்டும். வந்தால் மடித்து வைத்துவிடாமல் தவணை எண்ணிக்கையை மட்டுமாவது பாருங்கள். 2025 பிப்ரவரியில் ரெப்போ இறங்க ஆரம்பித்தது. இறங்கும் காலத்தில் தவணையைக் குறைக்கச் சொல்லாமல் அப்படியே கட்டினால் கடன் சீக்கிரம் முடியும்.

சில்லறைச் செலவுகள்

பிராசஸிங் கட்டணம் அரை சதவீதம், அதற்கு 18 சதவீத ஜி.எஸ்.டி. என்றால் நம் கடனுக்கு 14,750 ரூபாய். ரேட் ஃபங்ஷனில் என்பெர் 240, பிஎம்டி -21696, பிவி 2485250 என்று கொடுத்துப் பாருங்கள். வரும் விடையை 12-ஆல் பெருக்கினால் உண்மை வட்டி 8.58 சதவீதம். இது பெரிய வித்தியாசம் இல்லை. கடனோடு சேர்த்துத் தலையில் கட்டும் இன்சூரன்ஸ்தான் கவனிக்க வேண்டியது. 75,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனில் சேர்த்துவிட்டால் மாதம் 651 ரூபாய். 20 வருடத்தில் 1,56,000 ரூபாய். கட்டாயம் என்று சொன்னால் எழுத்தில் கேளுங்கள்.

வரிச் சலுகை? பழைய முறையில், நாம் குடியிருக்கும் வீட்டின் வட்டியில் வருடத்துக்கு 2 லட்சம் வரை கழிக்கலாம். 20 சதவீத வரி கட்டுபவருக்கு செஸ் சேர்த்து 41,600 ரூபாய் மிச்சம். புதிய முறையில் அந்தக் கழிவு இல்லை.

2024 அக்டோபர் 1 முதல் அனுமதிக்கப்படும் வீட்டுக் கடன்களுக்கு, எல்லாச் செலவும் சேர்த்த வருட வட்டியையும் தவணை அட்டவணையையும் காட்டும் முக்கிய விவரத் தாளை வங்கி கொடுக்க வேண்டும். கையெழுத்துப் போடும் முன் அதை வாங்கி வந்து உங்கள் ஃபைலுக்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டு மூன்று ரூபாய் வித்தியாசம் இருந்தால் பைசாவைத் தவணையில் ரவுண்டு செய்திருப்பார்கள். முதல் மாதம் மட்டும் மாறினால் பணம் கொடுத்த தேதி காரணமாக இருக்கலாம். அதற்கு மேல் மாறினால் வரி எண்ணைக் குறித்துக்கொண்டு வங்கியில் போய்க் கேளுங்கள்.