கிர்பால் என்னும் பெயர்

முருகன் புகழைப் பட்டிதொட்டியெங்கும் பரப்பிய கிருபானந்த வாரியார் சுவாமிகளை (1906–1993) உங்கள் பாட்டனார் அறிவர். கிருபாகரன், கிருபாவதி என்னும் பெயர்களும் நமக்குப் புதியன அல்ல. இவற்றுக்கெல்லாம் வேராக நிற்கும் சொல் கிருபை. அருள், இரக்கம் என்பது அதன் பொருள். அந்த வேரிலிருந்து வடக்கே பஞ்சாபில் கிளைத்த பெயர் ஒன்று உண்டு. அதுவே கிர்பால். பினாங்கில் வாழும் சீக்கியரிடையே வழங்கும் இப்பெயரைக் கேட்டுச் சிரிக்கும் சிறுவர்களை நாம் கண்டிருக்கிறோம். அவர்கள் சிரிப்பது தம் உறவுக்காரப் பெயரைப் பார்த்தே என்பதை அவர்கள் அறியார்.

வடமொழியில் 'கிருபாளு' என்றால் அருளுடையோன். பஞ்சாபியர் நாவில் அது கிர்பால் ஆயிற்று. சீக்கியரின் திருப்பாடல்களில் இறைவனையே இச்சொல்லால் அழைப்பர். ஆகவே, பிள்ளைக்குக் கிர்பால் என்று பெயரிடுவோர், நாம் 'அருளாளன்' என்று பெயரிடுவது போலவே செய்கின்றனர். ஒரு வேறுபாடு: பஞ்சாபியில் இத்தகைய பெயர்கள் ஆணுக்கும் பெண்ணுக்கும் பொது. அண்ணனும் கிர்பாலாக இருக்கலாம், அடுத்த வீட்டு அக்காளும் கிர்பாலாக இருக்கலாம். அருள்மொழி என்னும் பெயர் நம்மிடையே இருபாலார்க்கும் வழங்குவதை எண்ணிப் பார்த்தால் வியப்பு ஏற்படாது.

பஞ்சாபி மொழியைச் சீக்கியர் எழுதும் எழுத்துக்குக் குர்முகி என்று பெயர். குருவின் திருவாயிலிருந்து வந்தது என்பது கருத்து. அதில் 'கி' என்று எழுதுவோர் இகரக் குறியை முதலில் இட்டு, ககரத்தைப் பின்னால் எழுதுவர். படிக்கும்போதோ ககரமே முதலில் ஒலிக்கும். இது என்ன விந்தை என்று கேட்பவர் தமிழில் 'கெ', 'கே', 'கை' ஆகியவற்றை எழுதிப் பார்க்கட்டும்!

இனி, பெயரிடும் முறையைக் காண்போம். நம்மவர் பிறந்த நட்சத்திரத்தைக் கணித்து அதற்குரிய எழுத்தில் பெயர் தேடுவர். சீக்கியர் குழந்தையைக் குருத்வாராவுக்கு எடுத்துச் செல்வர். அங்கே 1,430 பக்கங்கள் கொண்ட குரு கிரந்த சாகிப் என்னும் திருநூலை முன்னேற்பாடு ஏதுமின்றித் திறப்பர். கண்ணிற்படும் பாடல் எந்த எழுத்தில் தொடங்குகிறதோ அந்த எழுத்திலேயே பெயர் அமைய வேண்டும். ககரம் வந்தால் கிர்பால், கர்தார், குல்வந்த் எனப் பெற்றோர் விரும்பியதைத் தெரிந்தெடுக்கலாம். பின்னர் சபையோர் முன்னிலையில், ஆணாயின் சிங் என்றும் பெண்ணாயின் கௌர் என்றும் சேர்த்து அப்பெயரை அறிவிப்பர்.

சிங் என்பது சிங்கம். நம் நரசிம்மனில் உள்ள சிம்மமும் அதுவே. கௌர் என்பதற்கு அரசிளங்குமரி எனப் பொருள் கூறுவர். இவை தந்தை பெயருமல்ல, குடும்பப் பெயருமல்ல. 'அவனும் சிங், இவனும் சிங், இருவரும் உடன்பிறந்தவரோ?' என்று கேட்பது பொருந்தாது. (சிங் என்போர் அனைவரும் சீக்கியர் அல்லர் என்பதையும் இங்கே சொல்லிவிட வேண்டும், இராஜபுத்திரர் முதலியோரும் இப்பெயரை நெடுங்காலமாகத் தரித்து வருகின்றனர்.)

இப்பெயர் வந்த வரலாறு கேட்கத் தக்கது. 1699-ஆம் ஆண்டு வைசாக்கித் திருநாளன்று ஆனந்தப்பூரில் பத்தாம் குருவான கோபிந்த் ராய் பெருங்கூட்டத்தைக் கூட்டினார். நமது சித்திரைப் புத்தாண்டை ஒட்டி வரும் திருநாளே வைசாக்கி. 'எனக்காகத் தலை கொடுப்பவர் யார்?' என்று குரு வாளேந்திக் கேட்க, ஒருவர் பின் ஒருவராக ஐவர் எழுந்தனர் என்பது சீக்கியர் மரபு. அவர்களுள் ஒருவர் பூரியைச் சேர்ந்த, தண்ணீர் சுமக்கும் குலத்தவர். இன்னொருவர் தெற்கே, இன்றைய கர்நாடகத்திலுள்ள பீதாரிலிருந்து சென்ற நாவிதர். அனைவருக்கும் ஒரே கிண்ணத்திலிருந்து அமுதம் வழங்கப்பட்டது. தயா ராம் தயா சிங் ஆனார்; சாகிப் சந்த் சாகிப் சிங் ஆனார். குருவும் அவர்களிடமிருந்தே அமுதம் பெற்றுக் கோபிந்த் சிங் ஆனார். பெயரைக் கேட்டவுடனே குலத்தை அளக்கும் வழக்கத்துக்கு அன்று விழுந்த அடி அது. தமிழகத்தில் 1929 பிப்ரவரியில் செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களைத் துறக்கச் சொன்னதும், அவ்வாண்டு டிசம்பரிலேயே பெரியார் பினாங்கில் வந்திறங்கியதும் நம் பெரியோர்க்கு நினைவிருக்கும். சீக்கியரிடையே இன்றும் குலப்பெயரை இறுதியில் ஒட்டிக்கொள்வோர் உளர். நம்மிடையே மட்டும் பழைய நோய் அடியோடு தீர்ந்துவிட்டதா என்ன?

பாட்டன் பெயரைத் தரித்தவன் பெயரன். அதுவே பேரன் என மருவிற்று. இவ்வழக்கத்தை ஒத்த ஒரு காட்சியைப் பினாங்கிலேயே காணலாம். ஜார்ஜ் டவுனில் 1940-இல் பிறந்து 2014-இல் மறைந்த வழக்கறிஞர் கர்பால் சிங்கின் தந்தையார் பெயர் ராம் சிங். கர்பாலின் மைந்தருள் ஒருவர் பெயர் ராம்கர்பால். பாட்டனும் தந்தையும் ஒரே பெயரில் அமர்ந்திருக்கின்றனர்!

சீக்கியர் இந்நாட்டுக்கு வந்தது எப்போது? பினாங்குக் காவல்துறைப் பொறுப்பிலிருந்து விலகிய கேப்டன் ஸ்பீடி, லாருட் கலகத்தை அடக்குவதற்காக 1873-இல் இந்தியாவிலிருந்து வீரர்களைத் திரட்டி வந்தார். அவர்களுள் சீக்கியரும் இருந்தனர். பின்னர்க் காவலராகவும், பால் வணிகராகவும், மாட்டுவண்டி ஓட்டுவோராகவும் பலர் வந்தனர். விக்டோரியா மகாராணியாரின் வைரவிழா நினைவாக எழுந்த வட்டா குருத்வாரா 1903-இல் இங்கே அமைந்தது. வட்டா என்றால் பெரிய என்று பொருள். முன்பு பிரிக் கில்ன் சாலை எனப்பட்ட தெரு இன்று ஜாலான் குருத்வாரா என்றே வழங்குகிறது.

வந்தவர்கள் கல்கத்தாவில் கப்பலேறினர். கல்கத்தா வங்காளத்துத் துறைமுகம். அந்த ஒரே காரணத்தால் மலாய்க்காரர் அவர்களைப் 'பெங்காலி' என்றனர். நாமும் 'வங்காளி' என்றோம். அமிர்தசரசுக்கும் கல்கத்தாவுக்கும் இடையே 1,500 கிலோமீட்டருக்கு மேற்பட்ட தொலைவு. மொழியும் வேறு, உணவும் வேறு. நம் முன்னோர் பலர் நாகப்பட்டினத்தில் கப்பலேறினர் என்பதற்காகத் திருநெல்வேலியாரையும் சேலத்தாரையும் 'நாகப்பட்டினம்' என்று கூப்பிட்டால் எப்படியிருக்கும்?

தோட்டத்துப் பெற்றோர்க்கு இது இன்னும் தெளிவாக விளங்கும். முன்னாளில் பல தோட்டங்களிலும் கிடங்குகளிலும் இரவு முழுதும் விழித்திருந்த ஜாகா ஒரு சீக்கியர். அவரிடம் பால் வாங்கினோம். அவசரத்துக்குக் கைமாற்றும் வாங்கினோம். அவர் பெயர் யாது எனக் கேட்டவர் எத்தனை பேர்? 'வங்காளி', 'பாய்' என்பதற்கு மேல் நம் நாக்கு போகவில்லை. அதே காலத்தில் பெரட்டுக் களத்தில் நின்ற நம்மவரையோ துரைமார் 'கூலி' என்ற ஒரே சொல்லால் அழைத்தனர். முனியாண்டிக்கும் மாரியாயிக்கும் தாய்தந்தையர் பார்த்துப் பார்த்து இட்ட பெயர் இருந்தது. இரவுக் காவலில் நின்ற கிர்பாலுக்கும் இருந்தது.

ஜாலான் குருத்வாராப் பக்கம் செல்லும் மாணவர்கள் அங்குள்ள பெரியவரைக் கண்டால் கைகூப்பி, 'சத் ஸ்ரீ அகால்' என்று வணங்கலாம். சத் என்பது சத்தியம். அகால் என்பது காலமற்றது. காலத்தைக் கடந்த இறைவனே மெய்ப்பொருள் என்பது பொருள். வணங்கிய பின் அவர் பெயரைக் கேளுங்கள். அவர் கிர்பால் என்று கூறினால், 'கி' குறில், 'பா' நெடில் எனக் கருத்தில் கொண்டு ஒருமுறை திருத்தமாகச் சொல்லிப் பாருங்கள்.