அப்பா இல்லாத கல்யாணம்: செய்ய வேண்டியவை, செய்யக்கூடாதவை

அப்பாவோ அம்மாவோ தவறிப்போன வீட்டில் கல்யாணம் வந்தால் இரண்டு கவலையும் சேர்ந்தே வரும். அவரை நினைக்காமல் விட மனசு கேட்காது. நினைத்தால் மேடையிலேயே அழுகை வந்துவிடுமோ என்று பயம். நம் வழக்கங்களில் இதற்கு இடம் உண்டு. பெரும்பாலும் அது முகூர்த்தத்துக்கு முன்பே முடிந்துவிடும். அதைத்தான் நான் சரியான ஏற்பாடு என்பேன்.

செய்ய வேண்டியவை

பத்திரிகை அச்சாகி வந்ததும் குலதெய்வத்துக்கு வைத்த கையோடு அவர் படத்துக்கு முன்னும் ஒன்று வையுங்கள். கத்தோலிக்க வீடுகளில் கல்லறைக்குப் போய் மெழுகுவத்தி ஏற்றி, அவர் பெயரில் பூசைக்கும் கொடுப்பார்கள்.

படையலைக் கல்யாண வேலைகளுக்கு நடுவே அவசரமாக முடிக்காதீர்கள், அதற்கென்று ஒரு நாள் ஒதுக்குங்கள். வடமாவட்டங்களில் பல வீடுகளில் பூவாடைக்காரி வழிபாடு உண்டு. பூவும் பொட்டுமாகப் போய்ச்சேர்ந்த பெண்ணை நீர்க்கரையிலிருந்து அழைத்துவந்து, புதுச்சேலை வைத்துக் கும்பிடுவார்கள். பிராமணர் வீடுகளில் சுமங்கலிப் பிரார்த்தனையும் நாந்தியும். வேறு வீடுகளில் வேட்டி சட்டை வைத்து, இலை போட்டு, சாம்பிராணி காட்டுவதோடு சரி. எதுவானாலும் நெருங்கிய சொந்தம் மட்டும் கூடும் நாள் அது. அழ வேண்டியவர்கள் அன்றைக்கே அழுதுவிடுவார்கள். இலையில் அவருக்குப் பிடித்தது இருக்கட்டும். ஆயுசு முழுக்கக் கருவாட்டுக் குழம்பு கேட்டவருக்கு வெறும் சர்க்கரைப் பொங்கலா?

பத்திரிகையில் இறந்தவர் பெயருக்கு முன் 'தெய்வத்திரு' என்று போடுவது இங்கே வழக்கம். இலங்கையில் 'அமரர்', முஸ்லிம் வீடுகளில் 'மர்ஹூம்'. அழைப்பவர் இடத்தில் உயிரோடு இருக்கும் அம்மாவின் பெயரைப் போடுங்கள். பெரியப்பா பெயரில்தான் அழைக்க வேண்டும் என்று யாராவது சொன்னால், அம்மா பெயருக்குக் கீழே அவர் பெயரும் வரட்டும்.

தாரை வார்க்க யார் உட்காருவது என்பதை நிச்சயதார்த்தத்துக்கு முன்பே பேசிவிடுங்கள். தம்பதியாக உட்கார வேண்டும் என்பது வழக்கம் என்பதால் பெரும்பாலும் சித்தப்பா-சித்தி, அண்ணன்-அண்ணி என்று முடிவாகும். அம்மாவே கைப்பிடித்துக் கொடுக்க ஆசைப்பட்டால் சட்டம் குறுக்கே நிற்காது. இந்து திருமணச் சட்டத்தில் தமிழ்நாடு 1967-இல் சேர்த்த 7-ஏ பிரிவின்படி, உறவினரோ நண்பரோ கூடியிருக்க மாலை மாற்றினாலோ, மோதிரம் மாற்றினாலோ, தாலி கட்டினாலோ கல்யாணம் செல்லும். தாரை வார்ப்பது அதில் நிபந்தனையே இல்லை. புரோகிதரை வைத்துச் செய்வதானால் அவரிடம் முன்கூட்டியே கேளுங்கள். பலர் ஒத்துக்கொள்கிறார்கள்.

தாய்மாமன் தவறியிருந்தால் சீர்வரிசையை அவர் மகன் கையால் வாங்குங்கள். மகன் இல்லையென்றால் அத்தை கொண்டுவரட்டும். அந்த முறையை வேறு மாமனுக்கு மாற்றிவிட்டால் அந்த வீட்டு உறவே அறுந்ததுபோல் ஆகிவிடும்.

புரோகிதர், போட்டோகிராபர், மைக் பிடிப்பவர், மூன்று பேரிடமும் முதல்நாளே விஷயத்தைச் சொல்லிவிடுங்கள். நிரம்பிய மண்டபத்தில் "பொண்ணோட அப்பா எங்கப்பா, மேடைக்கு வரச் சொல்லுங்க" என்று மைக்கில் கேட்டால், மணப்பெண் தலையைக் குனிந்துகொள்வதைத் தவிர என்ன செய்ய முடியும்?

செய்யக்கூடாதவை

சீரியல் பல்பு மின்னும் பெரிய படத்தை மணமேடையில் வைக்காதீர்கள். மண்டபத்து வாசலில், வரவேற்பு மேஜைக்குப் பக்கத்தில், சின்னதாக ஒரு படமும் ஒரு முழம் மல்லிகையும் போதும். வருகிறவர்கள் பார்த்து ஒரு நிமிஷம் நின்றுவிட்டு உள்ளே போவார்கள்.

இறந்த அப்பாவை மெழுகிலும் சிலிக்கானிலும் சிலையாகச் செய்து மேடையில் உட்காரவைத்த கல்யாணங்கள் தமிழ்நாட்டிலேயே செய்தியாக வந்திருக்கின்றன. அந்தப் பிள்ளைகளின் பாசத்தைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் எல்லோருக்கும் அது தாங்காது. இப்போது செயற்கை நுண்ணறிவில் அவர் குரலையே வரவழைத்து எல்இடி திரையில் வாழ்த்துச் சொல்லவைக்கிறார்கள். அவர் சொல்லாத வார்த்தையை அவர் வாயில் வைப்பது எனக்குச் சம்மதமில்லை. வீடியோ போட்டே ஆக வேண்டுமென்றால் பழைய கேசட்டில் இருப்பதை வெட்டிப் போடுங்கள், அதுவும் வரவேற்பு நேரத்தில், மணமக்களிடம் முன்பே காட்டிவிட்டு. பெண்ணுக்குத் தெரியாமல் இன்ப அதிர்ச்சி என்று செய்தால் அதிர்ச்சி மட்டும்தான் மிஞ்சும்.

"அவர் இருந்திருந்தா இந்த இடத்துக்கு ஒத்துக்கிட்டிருக்க மாட்டார்" என்று பேசாதீர்கள். சம்பந்தி வீட்டார் காதில் விழாவிட்டாலும் பேசாதீர்கள். தலைதிவசம் முடியுமுன் கல்யாணம் வைக்கலாமா என்ற சண்டையையும் நாள் குறித்த பிறகு கிளப்பக்கூடாது.

தவறிப்போனவர் அம்மா என்றால், அவருடைய கூறைப்புடவையைப் பெண் உடுத்தியே ஆக வேண்டும் என்று கட்டாயப்படுத்தாதீர்கள். அப்பா மறுமணம் செய்திருந்தால் இந்தப் பேச்சைச் சின்னம்மாவையும் உட்காரவைத்துப் பேசுங்கள். வளர்த்தவர் அவராக இருக்கும்.

எல்லாவற்றையும்விட முக்கியமானது: அப்பாவின் படத்துக்கு மாலை போட்டுவிட்டு அம்மாவைத் தூணுக்குப் பின்னால் நிறுத்தாதீர்கள். இது இன்றும் நடக்கிறது. தேங்காய்மேல் மஞ்சள் கயிறு சுற்றிய தாலித்தட்டு, ஆசீர்வாதத்துக்கு வரிசை வரிசையாக வரும். பெரியவர்கள் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வார்கள். அம்மா உட்கார்ந்திருக்கும் நாற்காலி வந்ததும் தட்டு சட்டென்று அடுத்தவரிடம் போய்விடும். சில சமயம் அம்மாவே கையை முந்தானைக்குள் இழுத்துக்கொள்வார். பத்து மாதம் சுமந்து பெற்றவள் தொட்டால் தாலிக்கு என்ன கெடுதி வந்துவிடும்? அவருக்கே தயக்கம் இருந்தால் மண்டபத்தில் வைத்துக் கையைப் பிடித்து இழுக்காதீர்கள். ஒரு மாதம் முன்பே அவருடைய அண்ணனோ நாத்தனாரோ உட்கார்ந்து பேசட்டும். தட்டைக் கொண்டுபோகிறவரிடமும் முதல்நாளே சொல்லி வையுங்கள், அம்மாவிடம் நிற்காமல் தட்டு நகரக்கூடாது என்று.