ஏழு ரவுண்டு, 256 பெயர், அதில் இல்லாத ஒருத்தர்

இந்த மாசம் விளையாட்டுப் பக்கத்தில் கிரிக்கெட் இல்லை. அமெரிக்கன் ஃபுட்பால். ஹெல்மெட் போட்டு, தோளில் பேடு கட்டி, முட்டை வடிவப் பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு ஓடுவார்களே, அதுதான். "காலால உதைக்கவே மாட்டாங்க, அப்புறம் எதுக்கு ஃபுட்பால்னு பேரு?" என்று கேட்பவர்களுக்கு என்னிடம் பதில் இல்லை. ஆனால் ரஹீம் மோஸ்டர்ட் என்ற ஆட்டக்காரரின் கதை இருக்கிறது. அதைப் புரிந்துகொள்ள ஆட்டத்தின் சட்டமெல்லாம் தெரிந்திருக்க வேண்டியதில்லை, ஆள் எடுக்கும் முறை தெரிந்தால் போதும். அதிலிருந்தே தொடங்குவோம்.

என்.எஃப்.எல். லீக்கில் மொத்தம் 32 அணிகள். கல்லூரியில் ஆடி முடித்தவர்களை அணிகள் வருஷத்துக்கு ஒரு முறை, வரிசையாக, ஆளுக்கு ஒருவராகத் தேர்ந்தெடுக்கும். அதற்குப் பெயர் டிராஃப்ட். ஐ.பி.எல். ஏலம் மாதிரி என்று நினைத்துவிடாதீர்கள். இங்கே பணத்தை வைத்துப் போட்டி கிடையாது, முறை வைத்துத்தான் எடுப்பார்கள். போன சீசனில் கடைசி இடத்தில் இருந்த அணிக்கு முதல் வாய்ப்பு, கோப்பை வாங்கிய அணிக்குக் கடைசி வாய்ப்பு. இப்படி ஏழு ரவுண்டு போகும். 2015ல் அந்த ஏழு ரவுண்டில் 256 பேர் எடுக்கப்பட்டார்கள். பர்ட்யூ பல்கலைக்கழகத்தில் படித்த மோஸ்டர்ட் அந்த 256ல் இல்லை.

அதே டிராஃப்டில் டாட் கர்லி என்ற ஓட்டக்காரரை ராம்ஸ் அணி பத்தாவது ஆளாக எடுத்தது. இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் திரும்ப வருவார்.

எடுக்கப்படாதவர்களின் கதை அதோடு முடிவதில்லை. டிராஃப்ட் முடிந்த கையோடு அணிகள் போன் போட்டு, மிச்சம் இருப்பவர்களில் தேவையானவர்களைக் கூப்பிடும். இவர்களைத்தான் 'அன்டிராஃப்டட்' என்கிறார்கள். கோடைக்காலப் பயிற்சி முகாமில் ஓர் அணி 90 பேர் வரை வைத்துக்கொள்ளலாம். சீசன் தொடங்கும்போது 53 பேர்தான் இருக்க முடியும். மீதி 37 பேர் வீட்டுக்கு. முதல் ரவுண்டில் எடுத்தவரை யாரும் அவ்வளவு சுலபமாக அனுப்ப மாட்டார்கள், கொடுத்த பணமும் மானமும் தடுக்கும். அன்டிராஃப்டட் ஆளை அனுப்புவதில் அணிக்கு நஷ்டம் என்று எதுவுமே இல்லை.

இளம் ஆட்டக்காரர் ஒருவரை ஓர் அணி நீக்கினால் மற்ற அணிகளுக்கு ஒரு நாள் அவகாசம். யார் வேண்டுமானாலும் கேட்கலாம், ரெண்டு பேர் கேட்டால் மோசமாக ஆடிக்கொண்டிருக்கும் அணிக்கு முன்னுரிமை. இதற்கு வேவர் என்று பெயர். யாருமே கேட்கவில்லை என்றால் ஏதாவது ஓர் அணியின் 'பிராக்டிஸ் ஸ்குவாட்'டில் சேரலாம். வாரம் முழுக்க அணியோடு பயிற்சி செய்யலாம், அப்போதெல்லாம் ஆட்டத்தன்று சீருடை கிடையாது. சம்பளமும் மற்றவர்கள் வாங்குவதில் சின்னப் பங்குதான். செவ்வாய்க்கிழமை உங்களை நீக்கிவிட்டு, புதன்கிழமை வேறொருவரைச் சேர்த்துவிட்டு, அடுத்த வாரம் உங்களையே திரும்பக் கூப்பிடவும் வாய்ப்பு உண்டு. ஊர், வீடு, எதுவும் நிலையில்லை.

மோஸ்டர்ட் இந்தச் சுழலில் மாட்டியது எப்படி என்று பாருங்கள். 2015ல் முதலில் ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸ் கூப்பிட்டது, சீசனுக்கு முன்பே நீக்கியது. அடுத்து மயாமி டால்ஃபின்ஸ். அங்கிருந்து பால்டிமோர் ரேவன்ஸ், பிறகு கிளீவ்லாந்து பிரவுன்ஸ், நியூயார்க் ஜெட்ஸ், சிகாகோ பேர்ஸ். ஒன்றரை வருஷத்துக்குள் ஆறு அணிகள், ஆறும் வேண்டாம் என்றன. 2016 நவம்பரில் சான் ஃபிரான்சிஸ்கோ ஃபார்ட்டிநைனர்ஸ் தன் பிராக்டிஸ் ஸ்குவாட்டில் சேர்த்துக்கொண்டது. நீக்கப்பட்ட தேதிகளை எல்லாம் அவர் குறித்து வைத்திருந்தார், ஒவ்வொரு ஆட்டத்துக்கு முன்பும் அந்தப் பட்டியலை எடுத்துப் பார்ப்பேன் என்று பின்னால் அவரே சொன்னார்.

இந்த இடத்தில் ஒரு பின்னணி இசையைப் போட்டு, "உலகம் அவரை அடையாளம் காணவில்லை" என்று எழுதினால் நல்லா இருக்கும். ஆனா அது முழு உண்மை இல்லை. மோஸ்டர்ட் கல்லூரியிலேயே பெரிய ரன்னிங் பேக்காக ஆடியவர் கிடையாது. கடைசி வருஷத்தில் மொத்தம் 529 யார்டுதான் ஓடினார், முதல் தர ஆட்டக்காரர்கள் அதைப் போல மூன்று மடங்கு ஓடுவார்கள். அவரிடம் இருந்தது ஒன்றுதான்: வேகம். 2014ல் பிக் டென் தடகளப் போட்டியில் குறுந்தூர ஓட்டத்தில் சாம்பியன். பந்தை எங்கே கொண்டு போவது என்று தெரியாத வேகத்துக்கு அணிகள் ஏன் ஏழு ரவுண்டில் ஒன்றைச் செலவழிக்க வேண்டும்? ஆறு அணிகளும் முட்டாள்கள் இல்லை. கையில் இருந்த தகவலை வைத்து நியாயமாகத்தான் முடிவு எடுத்தன.

அப்படியானால் அவர் எப்படித் தாக்குப் பிடித்தார்? யாரும் டிவியில் கவனிக்காத ஒரு வேலையால். அதற்கு 'ஸ்பெஷல் டீம்ஸ்' என்று பெயர். ஆட்டத்தில் சில சமயம் ஓர் அணி பந்தை உதைத்து எதிரணிக்குக் கொடுத்துவிடும் (காலால் உதைப்பது இங்கே வருகிறது, முதல் கேள்விக்குப் பாதி பதில்!). பந்து காற்றில் இருக்கும் நாலைந்து விநாடிக்குள் மறுமுனைக்கு ஓடி, அதைப் பிடிப்பவரை விழுத்தாட்ட ஓர் ஆள் வேண்டும். ரெண்டு பேர் வழிமறிப்பார்கள், இடிப்பார்கள், அதைத் தாண்டி ஓட வேண்டும். விளம்பர இடைவேளைக்குச் சற்று முன் நடக்கும் சமாச்சாரம் என்பதால் ரசிகர்கள் டீ போட எழுந்து போயிருப்பார்கள். மோஸ்டர்ட் அதில் கெட்டிக்காரர் ஆனார். 2016ல் ரன்னிங் பேக்காக அவர் பந்தைத் தூக்கி ஓடியது ஒரே ஒரு தடவை. 2017ல் ஆறு தடவை. ஆனாலும் வேலை போகவில்லை.

2017ல் கைல் ஷனஹன் தலைமைப் பயிற்சியாளராக வந்தார். இங்கேதான் நம்ம மாதிரி இன்ஜினியரிங் பசங்களுக்குப் பிடித்த பகுதி வருகிறது. ஷனஹன் நம்பும் முறைக்கு 'அவுட்சைட் சோன்' என்று பெயர். சாதாரணமாக, பந்து வைத்திருப்பவருக்கு ஒரு குறிப்பிட்ட சந்தைத் திறந்துவிட, முன்வரிசைத் தடுப்பாளர்கள் ஆளுக்கு ஓர் எதிராளியை நெட்டித் தள்ளுவார்கள். சோன் முறையில் அப்படி இல்லை. ஐந்து தடுப்பாளர்களும் ஒரே நேரத்தில் ஒரே பக்கமாக நகர்வார்கள். எதிரணியும் கூடவே பக்கவாட்டில் இழுபட்டு ஓடும். ஓடும்போது எங்கேயாவது இடைவெளி விழும், எங்கே என்று முன்கூட்டித் தெரியாது. பந்தோடு ஓடுபவர் அதைப் பார்த்த கணத்தில் ஒரே ஒரு தடவை காலை ஊன்றித் திரும்பி, நேராக மேலே பாய வேண்டும். ரெண்டாவது திருப்பம் கிடையாது. நெளிந்து வளைந்து ஏமாற்றும் கலைஞருக்கு இங்கே வேலை குறைவு. அரை விநாடியில் முழு வேகம் எடுப்பவருக்கு இது சொர்க்கம். ஆறு அணிகளில் சும்மா கிடந்த வேகத்துக்குக் கடைசியில் ஒரு பயன்பாடு கிடைத்தது.

அப்போதும் வரிசையில் அவர் முன்னால் இல்லை. 2018ல் ஜெரிக் மெக்கின்னன் என்பவருக்கு அணி நாலு வருஷத்துக்கு 3 கோடி டாலர் ஒப்பந்தம் கொடுத்தது. முழங்கால் தசைநார் கிழிந்து அவர் அந்த சீசனும் ஆடவில்லை, அடுத்த சீசனும் ஆடவில்லை. மோஸ்டர்ட்டுக்கு வாய்ப்பு வர ஆரம்பித்தது. 2018 நவம்பரில் ரெய்டர்ஸ் அணிக்கு எதிராக 52 யார்டு ஓடித் தன் முதல் டச்டவுனை அடித்தார். அதே ஆட்டத்தில் கை உடைந்தது. சீசன் முடிந்தது.

இனி 2020 ஜனவரி 19. என்.எஃப்.சி. இறுதி ஆட்டம், ஜெயித்தால் சூப்பர் பவுல். எதிரணி கிரீன் பே பேக்கர்ஸ். முதல் கால்பகுதியில் ஃபார்ட்டிநைனர்ஸுக்கு மூன்றாவது முயற்சி, இன்னும் 8 யார்டு போக வேண்டும். இந்த நிலையில் எல்லாரும் பந்தை எறிவார்கள், எதிரணியும் அதற்குத்தான் தயாராக நின்றது. ஷனஹன் எறியச் சொல்லவில்லை. எதிரணியின் முன்வரிசை ஆள் ஒருவரை வேண்டுமென்றே உள்ளே வரவிட்டு, பக்கவாட்டிலிருந்து இடித்துத் தள்ளும் 'டிராப்' என்ற உத்தி. நடுவில் திறந்த சந்தில் மோஸ்டர்ட் நுழைந்தார். 36 யார்டு, டச்டவுன். அப்புறம் சக ரன்னிங் பேக் டெவின் கோல்மன் தோளில் அடிபட்டு வெளியே போக, பாரம் முழுக்க மோஸ்டர்ட் மேல் விழுந்தது. இடைவேளைக்குள் 160 யார்டு, மூன்று டச்டவுன். ஸ்கோர் 27-0.

ஆட்டம் 37-20 என்று முடிந்தபோது அவர் கணக்கு 29 ஓட்டம், 220 யார்டு, நாலு டச்டவுன். அதாவது, இடிக்க வரும் ஆட்களுக்கு நடுவே புகுந்து 200 மீட்டருக்கு மேல். பிளேஆஃப் ஆட்டம் ஒன்றில் இதைவிட அதிகம் ஓடியவர் எரிக் டிக்கர்சன் ஒருவர்தான், 1986 ஜனவரியில் 248 யார்டு. 200 யார்டும் நாலு டச்டவுனும் ஒரே பிளேஆஃப் ஆட்டத்தில் அதற்கு முன் யாருமே சேர்த்து எடுத்ததில்லை. அன்றைக்கு ஃபார்ட்டிநைனர்ஸ் குவார்ட்டர்பேக் ஜிம்மி கரோப்போலோ ஆட்டம் முழுக்க எறிந்த பந்துகள் வெறும் எட்டு. தேவையே படவில்லை.

ரெண்டு வாரம் கழித்து சூப்பர் பவுலில் மோஸ்டர்ட் அடித்த டச்டவுனால் 20-10 என்று முன்னிலை. அதற்குப் பிறகு கான்சஸ் சிட்டி 21 புள்ளி அடித்து 31-20 என்று ஜெயித்துவிட்டது. அதைப் பற்றி ஃபார்ட்டிநைனர்ஸ் ரசிகர்களிடம் கேட்காதீர்கள்.

எனக்கு இந்தக் கதையில் அதைவிட முக்கியமாகத் தெரிவது அந்த ஜூலை மாசம் நடந்தது. மோஸ்டர்ட்டின் ஒப்பந்தம் 2019ல் போட்டது, மூன்று வருஷத்துக்கு 87 லட்சம் டாலர். அது ஸ்பெஷல் டீம்ஸ் ஆளுக்கான விலை. 220 யார்டு ஓடிய பிறகும் அதே சம்பளம், கூட ஆடும் கோல்மனைவிடக் குறைவு. அவர் தரப்பு ஒப்பந்தத்தைத் திருத்தக் கேட்டது. அணி இழுத்தடித்ததும், வேறு அணிக்கு அனுப்பிவிடுங்கள் என்று வெளிப்படையாகச் சொல்லிவிட்டார். கடைசியில் ஊக்கத்தொகைகள் சேர்த்துச் சமாதானம் ஆனது. "வாய்ப்புக் கொடுத்த அணிக்கு நன்றி இல்லையா?" என்று அப்போது கேட்டவர்கள் உண்டு. வாய்ப்பு வேறு, கூலி வேறு. ஒரு ரன்னிங் பேக்கின் உடம்பு தாங்குவது சில வருஷம்தான், அதற்குள் கேட்காவிட்டால் எப்போது கேட்பது?

2020 சீசனில் ஜெட்ஸுக்கு எதிராக (ஆம், நீக்கிய அணிகளில் ஒன்று) தன் அணியின் முதல் முயற்சியிலேயே 80 யார்டு ஓடினார். ஆட்டக்காரர்களின் தோள் பேடுக்குள் சின்ன ரேடியோ சிப் இருக்கும், மைதானத்தைச் சுற்றி உள்ள கருவிகள் அதன் இடத்தைத் தொடர்ந்து குறித்துக்கொண்டே இருக்கும். அதன்படி அவர் தொட்ட உச்ச வேகம் மணிக்கு 23.09 மைல், நம்ம கணக்கில் சுமார் 37 கிலோமீட்டர். ஹெல்மெட், பேடு, கையில் பந்து, எல்லாவற்றோடும். அந்த நிமிஷம் வரை அந்த சீசனில் யாரும் அவ்வளவு வேகம் தொடவில்லை. ஆனால் காயங்களும் கூடவே வந்தன. 2021ல் முதல் ஆட்டத்தில் ரெண்டே ஓட்டம், முழங்காலில் குருத்தெலும்பு சேதம், அறுவை சிகிச்சை, சீசன் காலி. வயது 29. ரன்னிங் பேக்குக்கு அது கிட்டத்தட்ட ஓய்வு வயது.

2022ல் அவரை எடுத்தது மயாமி டால்ஃபின்ஸ். 2015ல் நீக்கிய அதே டால்ஃபின்ஸ். அப்போது அங்கே பயிற்சியாளர் மைக் மெக்டேனியல், ஷனஹனிடம் ஓட்டத் திட்டங்களைக் கவனித்துக்கொண்டிருந்தவர். மோஸ்டர்ட்டின் கால் எந்தத் திட்டத்தில் எப்படி வேலை செய்யும் என்று நேரில் பார்த்தவர். அடுத்த சீசனில், 2023 செப்டம்பரில், டென்வர் பிராங்கோஸை மயாமி 70-20 என்று துவைத்து எடுத்தது. மோஸ்டர்ட் மட்டும் நாலு டச்டவுன். சீசன் முடிவில் 1,012 யார்டு, மொத்தம் 21 டச்டவுன். லீக்கில் முதல் இடம், கிறிஸ்டியன் மெக்காஃப்ரியோடு பகிர்ந்துகொண்டார். ஒரு சீசனில் ஆயிரம் யார்டு தாண்டியது அதுதான் முதல் தடவை, 31 வயதில்.

இப்போது டாட் கர்லியைக் கூப்பிடுவோம். 2015ன் பத்தாவது தேர்வு, 2017ல் லீக்கின் சிறந்த தாக்குதல் ஆட்டக்காரர். ஆறு சீசனில் 1,400 தடவைக்கு மேல் பந்தைத் தூக்கி ஓடினார். முழங்கால் கெட்டது. 2020தான் கடைசி சீசன், வயது 26. மோஸ்டர்ட் 2023 சீசனுக்குள் நுழையும்போது அதுவரை ஓடிய ஓட்டங்கள் 500 கூட இல்லை. ஆறு அணிகள் பெஞ்சில் உட்கார வைத்தது அவர் காலைச் சேமித்துக் கொடுத்ததா? என் கணிப்பு, ஓரளவு ஆமாம். ஒவ்வொரு ஓட்டமும் ஒரு மோதல், உலோகத்துக்கு இருப்பது போல உடம்புக்கும் சோர்வு வரம்பு உண்டு, ஃபெட்டீக் பற்றி மெட்டீரியல்ஸ் பாடத்தில் படித்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஆனால் மோஸ்டர்ட்டின் முழங்காலும் கையும் உடைந்ததைப் பார்த்தால், அது மட்டுமே காரணம் என்று சொல்ல எனக்குத் தைரியம் இல்லை.

2024ல் இளைஞர் டெவான் ஏச்சேன் முன்னுக்கு வந்தார், மோஸ்டர்ட்டுக்குப் பந்து குறைந்தது. 2025 பிப்ரவரியில் டால்ஃபின்ஸ் அவரை நீக்கியது. அந்தப் பட்டியலில் ஒரே அணியின் பெயர் ரெண்டாவது தடவை. மார்ச்சில் ரெய்டர்ஸ் கூப்பிட்டது, அடுத்த மாசம் அவருக்கு 33 வயது ஆனது.