தட்டச்சும் தேக்கநிலையும்

தட்டச்சுப் பயில வரும் பதின்பருவத்தினர் பலர் இடையிலேயே நின்றுவிடுவது ஏன்? சோம்பல் என்கிறோம். எனக்கு அது சரியாகப் படவில்லை.

பிரயன், ஹார்ட்டர் என்னும் அமெரிக்க உளவியலார் 1897-இல் தந்தி பயில்வோரை ஆராய்ந்தனர். செய்தி அனுப்பும் வேகம் சீராக உயர்ந்தது. கேட்டு வாங்கும் வேகமோ ஓரளவு உயர்ந்து, வாரக்கணக்கில் அசையாது நின்று, பிறகே மேலேறியது. இதனைத் தேக்கநிலை என்பர். தனித்தனி எழுத்தாகக் கேட்ட காது, சொல்லாகவும் தொடராகவும் கேட்கப் பழகும் காலம் அது என்பது அவர்கள் விளக்கம். (தேக்கம் எல்லாரிடமும் தோன்றுவதில்லை எனப் பின்வந்த ஆய்வுகள் காட்டின.)

தட்டச்சிலும் இதையே காண்கிறேன். விரல்களுக்கு எழுத்துகள் பதியும் தொடக்க நாட்களில் முன்னேற்றம் கண்கூடு, ஊக்கத்துக்குக் குறைவில்லை. ஆங்கில இளநிலைத் தேர்வுக்கு நிமிடத்துக்கு 30 சொற்கள் வேண்டும். வேகம் இருபதில் நின்றுவிட்டாலோ, 'நமக்கு இது வராது' என்ற எண்ணம் புகுந்துவிடுகிறது. கட்டணக் கணக்கைச் சொல்லி வீட்டார் கடிவதும் அப்போதுதான்!

அவ்வேளையில் கடிகாரத்தைச் சற்று ஒதுக்கிவைத்து, அடிக்கடி வரும் சிறு சொற்களையே திரும்பத் திரும்ப அடிக்கச் செய்யலாம் என்பேன். பிழைகள் குறைவதை ஆசிரியர் எடுத்துக் காட்டினால், நின்றுபோனதாக நினைத்த மாணவனுக்கு அதுவே முன்னேற்றமாகத் தெரியும். 'தி' என்னும் ஆங்கிலச் சொல்லை மூன்று எழுத்தாக எண்ணாமல் ஒரே வீச்சில் விரல்கள் அடிக்கும் நாளில், வேகம் மறுபடி ஏறத் தொடங்குகிறது.