கரிய வைரமும் அரிக்கமேட்டு மணிகளும்

நுழையும்முன்

கல்லுக்கு வியத்தகு ஆற்றல் உண்டெனக் கூறும் கதைகள் எல்லா நாடுகளிலும் வழங்குகின்றன. அவற்றுள் ஒன்று புதுச்சேரியின் பெயரைத் தாங்கி உலகெங்கும் உலவுகிறது. அக்கதையைச் சான்றுகளோடு ஒப்பிட்டு ஆராய்கிறது இப்பாடம்.

பிரமனின் கண்

'கரிய ஓர்லோவ்' என்பது 67.50 காரட் எடையுள்ள ஒரு வைரம். துப்பாக்கி இரும்பை ஒத்த கருநிறம் உடையது. 108 சிறு வைரங்கள் சூழ்ந்த பதக்கத்தின் நடுவில் பதிக்கப்பட்டுள்ளது. நியூயார்க், டல்லஸ், ஜோகன்னஸ்பர்க், இலண்டன் ஆகிய நகரங்களில் காட்சிக்கு வைக்கப்பட்ட இதற்குப் 'பிரமனின் கண்' என்றொரு மறுபெயரும் உண்டு.

இதைப் பற்றிய கதை பின்வருமாறு: புதுச்சேரிக்கு அருகிலிருந்த கோயில் ஒன்றில், பிரமன் சிலையின் கண்ணாக 195 காரட் எடையுடன் இக்கல் விளங்கியது. துறவி ஒருவர் அதைப் பெயர்த்தெடுத்தார். அன்று முதல் அதை வைத்திருப்போரைச் சாபம் தொடர்ந்தது. 1932இல் அதை அமெரிக்காவுக்குக் கொண்டுசென்ற வணிகரும், 1947இல் ரோம் நகரில் உருசிய இளவரசியர் இருவரும் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டனர். சாபம் நீங்கும்பொருட்டுக் கல் மூன்றாக வெட்டப்பட்டது.

கேட்பதற்குச் சுவையான கதைதான். ஆனால், கோயிலின் பெயர் என்ன? அஃது எவ்வூரில் உள்ளது? கல் களவு போனது எந்த ஆண்டில்? இவ்வினாக்களுக்குக் கதையில் விடை இல்லை. தமிழகக் கோயில்களில் பிரமன் பெரும்பாலும் சிவன் கருவறையின் வடபுறக் கோட்டத்தில் கற்சிலையாகவே நிற்கிறார். அவருக்கெனத் தனிக்கோயில் அமைவது மிக அரிது. அவ்வாறு ஒன்று இருந்து, அதில் விலைமதிப்பற்ற வைரமும் இருந்திருந்தால், அவ்வூர் மக்களின் நினைவிலேனும் அது தங்கியிருக்கும்.

வைரத்தின் குற்றங்களாகக் காகபாதம், களங்கம் முதலியவற்றைச் சிலப்பதிகாரத்தின் ஊர்காண் காதை குறிப்பிடுகிறது. களங்கத்தைக் குற்றமாக எண்ணிய நாட்டில், முழுவதும் கறுத்த கல்லைக் கடவுளின் கண்ணாக்கினர் என்பது ஐயத்திற்குரியது. புகழ்பெற்ற வைரங்களைப் பற்றி நூல் எழுதிய இயன் பால்ஃபோர் என்பவரும் கரிய ஓர்லோவின் இந்தியத் தோற்றத்தை ஐயுற்றுள்ளார்.

கதை வந்த வழி

அப்படியாயின், புதுச்சேரி இக்கதைக்குள் எவ்வாறு நுழைந்தது? மாஸ்கோவின் கிரெம்ளினில் 'ஓர்லோவ்' என்னும் வேறொரு வைரம் உள்ளது. அது கரியதன்று; இளம்பச்சை சாயல் கொண்ட வெண்கல். திருவரங்கக் கோயில் சிலையின் கண்ணாக இருந்த அதைப் பிரெஞ்சுப் படையிலிருந்து தப்பியோடிய வீரர் ஒருவர் கவர்ந்து சென்றார் என்பது நெடுங்காலமாக வழங்கும் கதை. இதற்கும் உறுதியான சான்று இல்லை. ஆயினும் இரண்டையும் அருகருகே வைத்துப் பாருங்கள். சிலையின் கண், களவு, ஓர்லோவ் என்னும் பெயர், இருநூறு காரட்டுக்குச் சற்றுக் குறைந்த எடை ஆகிய அனைத்தும் ஒத்திருக்கின்றன. பழைய கதையின் பிரெஞ்சு வீரர் மறைய, பிரெஞ்சியரின் தலைநகர் புதிய கதையில் இடம்பெற்றுவிட்டது எனக் கருத இடமுண்டு.

வைரம் கறுப்பதற்கும் சாபத்திற்கும் தொடர்பில்லை. பளிங்கு உருவாகும்போது அதனுள் சிக்கிய காரீயகம் போன்ற நுண்துகள்கள் ஒளியை உள்ளே செல்லவிடாமல் தடுப்பதே இயற்கைக் கருவைரங்கள் பலவற்றின் நிறத்திற்குக் காரணம்.

ஆற்றங்கரை மணிகள்

புதுச்சேரி நகருக்குத் தெற்கே, அரியாங்குப்பம் ஆற்றங்கரையில் அமைந்துள்ளது அரிக்கமேடு. மணிகளுக்கு உண்மையான வரலாறு உள்ள இடம் இது. 1945இல் மார்ட்டிமர் வீலரும், 1947 முதல் 1950 வரை ஜே. எம். கசாலும், 1989 முதல் 1992 வரை விமலா பெக்லியும் இங்கு அகழாய்வு செய்தனர். உரோமானிய மதுச்சாடிகளின் ஓடுகளோடு சூதுபவளம், அகேட், படிகம், செவ்வந்திக்கல் ஆகியவற்றாலான மணிகளும், எண்ணற்ற கண்ணாடி மணிகளும் கிடைத்தன.

அக்கண்ணாடி மணிகளைச் செய்தவர்களின் திறம் வியப்பூட்டுவது. உருகிய கண்ணாடியை உள்ளீடற்ற நீண்ட குழலாக இழுத்து, சிறு துண்டுகளாக நறுக்கி, மீண்டும் சூடேற்றி விளிம்புகளை மழுங்கச் செய்தனர். கடுகளவே உள்ள மணியிலும் நூல் நுழையத் துளை தானே அமைந்துவிடும். இவ்வகை மணிகள் கடல் கடந்து தென்கிழக்காசியாவிலும் காணப்படுகின்றன. ஆந்திரத்தின் பாப்பாநாயுடுபேட்டையில் இதே முறை அண்மைக்காலம் வரை கைவினையாகத் தொடர்ந்தது. கரிய ஓர்லோவுக்கு இளவரசியரின் பெயரைத் தேடித் தந்த உலகம், இக்கைவினைஞருள் ஒருவரின் பெயரையும் அறியாது.

அரிக்கமேட்டில் கிடைத்த மணிகள் புதுச்சேரி அருங்காட்சியகத்தில் வைக்கப்பட்டுள்ளன. அவற்றுக்கு அருகில் எந்தச் சாபக் கதையும் இல்லை. பார்ப்பவர் பலர் விரைந்து கடந்துவிடுகின்றனர். அகழாய்வுகளுக்கு முன்பே, பிரெஞ்சு அறிஞர் ழூவோ துப்ராய் இம்மேட்டின் சிறப்பை உணர்வதற்குக் காரணமானவர்கள் அவ்வூர்ச் சிறுவர்கள். ஆறு அரித்த கரையில் பொறுக்கிய மணிகளை அவர்கள் அவரிடம் கொண்டுவந்து காட்டினர்.