வாய்தாவில் ஓடாத வழக்கு

"கேஸ்தானே, போடட்டும். வக்காலத்துப் போட்டு நாலு வாய்தா வாங்கினா அஞ்சு வருஷம் ஓடிரும்." தூத்துக்குடியில் முந்திரிக்கொட்டை இறக்குபவரும் சொல்வார், உப்பு ஏற்றுபவரும் சொல்வார். சாதாரணப் பண வழக்கில் இது ஓரளவு பலிக்கும். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 37ஆம் கட்டளைப்படி போட்ட சுருக்க வழக்கில் பலிக்காது.

பிராமிசரி நோட்டு, உண்டியல், எழுத்து ஒப்பந்தம் ஆகியவற்றின்படி வரவேண்டிய தொகை திட்டமாகத் தெரிந்தால் வாதி இந்த வழியைப் பிடிக்கலாம். பிரதிவாதிக்கு இங்கே எதிர்வாதம் உரிமையல்ல. அதற்கு அனுமதி வாங்க வேண்டும். சம்மன் கிடைத்த 10 நாளில் ஆஜராகாவிட்டால், வாதி சொன்னதெல்லாம் ஒப்புக்கொண்டதாகிவிடும். ஆஜரான பிறகு தீர்ப்புக்கான சம்மன் என்று இன்னொன்று வரும். அதற்கும் 10 நாள். அதற்குள் பிரமாணப் பத்திரத்தோடு அனுமதி கேட்க வேண்டும். முதல் பத்தைக் கடந்த நிம்மதியில் இரண்டாவதைக் கோட்டை விடுவது எளிது. தகுந்த காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கலாம்தான். 'சரக்கு இறக்குற வேலையில மறந்துட்டேன்' என்பது தகுந்த காரணமாகுமா என்பது வேறு கதை.

"இதெல்லாம் சென்னை, பம்பாய் கோர்ட்டு சமாச்சாரம்" என்றும் ஒரு பேச்சு உண்டு. 1976 திருத்தத்துக்குப் பிறகு அது பழங்கதை.

அனுமதி கிடைப்பதே குதிரைக்கொம்பு என்று பயப்படுவோரும் இருக்கிறார்கள். இரும்பு விற்ற பாக்கிக்காக எழுந்த பி.எல். காஷ்யப் வழக்கில், அனுமதி தருவதே வழக்கம், மறுப்பது விதிவிலக்கு என்று 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னது.

"அனுமதிக்குப் பணம் கட்டச் சொல்லிட்டாங்க, அப்போ தோத்தாச்சு." இருப்பதில் பெரிய தவறு இதுதான். ஹப்டவுன் வழக்கில் 2016இல் உச்ச நீதிமன்றம் படிப்படியாகப் பிரித்துக் காட்டியது. வாதம் வலுவாகவோ நியாயமாகவோ இருந்தால் பொதுவாக நிபந்தனையில்லாத அனுமதி. விசாரிக்க விஷயம் இருக்கிறது, ஆனால் சொல்பவரின் நேர்மையில் சந்தேகம் என்றால் நிபந்தனை வரும்: பணம் கட்டு, அல்லது பிணையம் கொடு. நடந்திருக்கலாம், ஆனால் நம்ப முடியவில்லை என்கிற வாதத்துக்கு அசலும் வட்டியும் முழுதாகவே கேட்கலாம். வாதமே இல்லையென்றால் உடனே தீர்ப்பு. மரத்தடி தரமில்லை என்று இறக்கிய வாரமே கடிதம் போட்டவரும், வழக்கு வந்த பிறகு தரத்தைப் பற்றி ஞாபகம் வந்தவரும் ஒரே வாதத்தைத்தான் சொல்கிறார்கள். நீதிபதி தேதியைப் பார்ப்பார்.

கட்டிய பணம் எதிராளியின் கல்லாவுக்குப் போவதில்லை. வழக்கு முடியும்வரை அது நீதிமன்றத்தின் கையில். பிரதிவாதி வென்றால் திரும்பி வரும். குறித்த நாளில் கட்டவில்லையென்றால்தான் ஆபத்து: வாதி உடனே தீர்ப்புப் பெறலாம்.

"பாதியை ஒத்துக்கிட்டா மீதிக்குச் சண்டை போடலாம்" என்பது பாதி உண்மை. 50 லட்சம் பாக்கியில் 20 லட்சம் தர வேண்டியதுதான் என்று சொன்னவர், அந்த 20 லட்சத்தை நீதிமன்றத்தில் கட்டினால்தான் மீதி 30 லட்சத்துக்கு வாதாட அனுமதி கிடைக்கும்.