மண்டபமா, மன நிம்மதியா?

கேள்வி: மகளுக்குத் தை மாதம் கல்யாணம். பெரிய ஏசி மண்டபம்தான் வேண்டும் என்கிறார்கள் சம்பந்தி வீட்டார். எங்களுக்குக் கட்டுப்படியாகாது. பேச்சை எடுத்தாலே என் வீட்டுக்காரருக்கும் எனக்கும் சண்டை. என்ன செய்வது?
- ஒரு வாசகி, கும்பகோணம்

பதில்: மண்டபம் பார்ப்பதை நிறுத்திவிட்டு, முதலில் அழைப்புப் பட்டியலை எழுதுங்கள் அம்மா. முந்தின நாள் ரிசப்ஷனுக்குத்தான் கூட்டம் அள்ளும்; காலை முகூர்த்தத்தில் பாதி நாற்காலி காலி. அதனால் மேடையைப் பார்த்து மயங்காமல், ஒரு பந்திக்கு எத்தனை இலை போடலாம் என்று கேளுங்கள். மண்டபத்தின் நிஜ அளவு அதுதான்.

மேனேஜர் சொல்லும் வாடகையோடு கதை முடியாது. 18 சதவீத ஜிஎஸ்டி, மீட்டர்படி கரண்ட், ஜெனரேட்டர் டீசல், துப்புரவுக் கூலி என்று ஒவ்வொன்றாக முளைக்கும். சமையலுக்கும் பூ அலங்காரத்துக்கும் "எங்க ஆளுங்கதான்" என்பார்கள். பட்ஜெட் பெரும்பாலும் அங்கேதான் ஓட்டை விழும். அட்வான்ஸ் கொடுக்கும் முன் எல்லாவற்றையும் எழுதி வாங்குங்கள். தேதி மாறினால் பணம் திரும்புமா என்பதையும்தான். தையில் பேரம் படிவது கஷ்டம். வார நாள் முகூர்த்தமென்றால் கொஞ்சம் இறங்கி வரலாம்.

அந்தக் கணக்குத்தாளையே சம்பந்தியிடம் நீட்டுங்கள். ஏசி மண்டபம் அவர்கள் ஆசையென்றால், கூடுதல் செலவில் பாதியை ஏற்கலாமே? கேட்பதில் கௌரவக் குறைச்சல் ஒன்றுமில்லை. இல்லையென்றால் கோயிலில் தாலி, மாலையில் சின்ன ஹாலில் ரிசப்ஷன். கும்பகோணத்தில் கோயிலுக்கா பஞ்சம்!

அதுசரி, மகளுக்கு என்ன விருப்பம் என்று எழுதவே இல்லையே?